ஐரோப்பிய ஆலையில் துணி வாங்குவது எப்படி: எதைக் கேட்க வேண்டும், எங்கே சறுக்கும்

ஐரோப்பாவில் ஜவுளித் தொழில் முடிந்துபோனது என்கிறவர்களும் இருக்கிறார்கள், இத்தாலியத் துணி என்றதும் கண்ணை மூடிக்கொண்டு பணம் கட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். ஆர்டர் போடப்போகிறவருக்கு இரண்டு பேச்சாலும் பயனில்லை. ஐரோப்பிய ஒன்றியத்தில் இன்றும் ஏறத்தாழ 13 லட்சம் பேர் ஜவுளி, ஆடைத் தொழில்களில் வேலை பார்க்கிறார்கள். பெரும்பாலானவை சின்னக் குடும்ப நிறுவனங்கள். ஆனால் நூற்பில் தொடங்கி தையல் வரை ஒரே ஊரில் முடிந்த காலம் போய்விட்டது. 2005 ஜனவரி 1-ல் உலக அளவிலான இறக்குமதிக் கோட்டா முறை முடிவுக்கு வந்தது. ஏற்கெனவே சரிந்துகொண்டிருந்த பருத்தி நூற்பும் சாதாரண ரகத் துணிகளும் தையலும் அதன்பின் இன்னும் வேகமாக வெளியேறின. 2022 ஆகஸ்டில் எரிவாயு விலை ஒரு மெகாவாட் மணிக்கு 300 யூரோவைத் தாண்டியபோது பலத்த அடி வாங்கியவை சாயப்பட்டறைகளும், துணிக்கு இறுதிப் பதம் கொடுக்கும் ஃபினிஷிங் ஆலைகளும். நீராவியும், துணியை விரித்து உலர்த்தும் ஸ்டென்டர் எந்திரத்தின் சூடும் அங்கே பெரும்பாலும் எரிவாயுவில் ஓடுபவை.

அதனால் எந்த ஆலையிடமும் விலைக்கு முன் கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு. இந்தத் துணிக்கு நூல் நூற்றது யார், நெய்வது யார், சாயம் போடுவது யார், ஃபினிஷிங் செய்வது யார்? நான்கு பெயர் வந்தால் தப்பில்லை. பெயர் சொல்லத் தயங்கினால்தான் யோசிக்க வேண்டும்.

எந்த ஊரில் எது கிடைக்கும்

வடஇத்தாலியின் பியெல்லா, சூட் துணிக்கான மெல்லிய வோர்ஸ்டட் (நீள இழைகளைச் சீவி நூற்ற) கம்பளிக்குப் பெயர்போனது. ஆல்ப்ஸ் மலையிலிருந்து இறங்கும் மென்நீர் கம்பளி அலசுவதற்கும் சாயத்துக்கும் ஏற்றது. நூற்பு முதல் ஃபினிஷிங் வரை ஒரே கூரையின் கீழ் வைத்திருக்கும் ஆலைகள் இங்கே இன்னும் இருக்கின்றன.

அதே இத்தாலியில் டஸ்கனியின் பிராட்டோ இதற்கு நேர்மாறு. பழைய கம்பளி ஆடைகளைக் கிழித்து, திரும்ப நூற்று, கார்டட் (குட்டை இழை நூலில் நெய்த) துணியாக்குவது இந்த ஊரின் பழைய தொழில். உங்களிடம் துணி விற்கிறவருக்குச் சொந்தத் தறியே இல்லாமல் இருக்கலாம். இம்பன்னத்தோரே என்று அங்கே அழைக்கப்படும் இவர் வடிவமைத்து, நூல் வாங்கி, நெசவு, சாயம், ஃபினிஷிங் எல்லாவற்றையும் கூலிக்குச் செய்யும் பட்டறைகளுக்குப் பிரித்துக் கொடுப்பார். புது ரகம் கேட்டால் வேகமாகச் செய்து தருவார்கள். ஆனால் நடுவில் ஒரு பட்டறை மூடினால், அடுத்த சீசனில் அதே ஆர்ட்டிகிள் எண்ணில் (ஆலை ஒரு ரகத்துக்கு வைக்கும் எண்) வரும் துணி கையில் வேறு மாதிரி இருக்கும்.

வடஇத்தாலியின் கோமோவில் பட்டு. பட்டு நூல் பெரும்பாலும் சீனாவிலிருந்து வருகிறது. கோமோவின் திறமை நெசவிலும் அச்சிலும் ஃபினிஷிங்கிலும். சின்னப் பிராண்டுக்குப் பின்னல் துணி வேண்டுமானால் முதலில் பார்க்க வேண்டிய இடம் போர்ச்சுகலின் வடக்கு. பார்சேலோஸ், குய்மரைன்ஷ், ஃபமலிக்காவ் வட்டாரத்தில் துணி பின்னல், சாயம், வெட்டு, தையல் எல்லாம் பக்கத்துப் பக்கத்து ஊர்களில் நடக்கின்றன. படுக்கை விரிப்பு, துண்டு ரகங்களும் அங்கே வலுவானவை.

லினன் விசித்திரமான கதை. நார்மண்டியிலிருந்து பெல்ஜியம், நெதர்லாந்து வரையுள்ள கடலோரப் பட்டையில்தான் லினனுக்கு நார் தரும் உலகின் நீள்நார் ஆளிச்செடியில் பெரும்பகுதி விளைகிறது. நாரில் பெரும்பங்கு கப்பலேறிச் சீனாவில் நூலாகி, அந்த நூலே ஐரோப்பியத் தறிக்குத் திரும்பி வரும். 2022-ல் வடபிரான்சின் பெத்யூனில் ஒரு லினன் நூற்பாலை திறக்கப்பட்டது போலச் சில முயற்சிகள் இருந்தாலும் அளவு சிறியது. ‘ஐரோப்பிய லினன்’ என்று எழுதியிருந்தால் நாரா, நூலா, நெசவா, எது ஐரோப்பியம் என்று கேளுங்கள்.

வடபிரான்சின் கலே, கோத்ரி ஊர்களின் லேஸ், லீவர்ஸ் என்ற பழைய தறிகளில் ஓடுவது. அந்தத் தறியைப் புதிதாகச் செய்வோர் இல்லை, உதிரிப் பாகத்துக்கே திண்டாட்டம். அவசர ஆர்டரை அங்கே வைத்துக்கொள்ள வேண்டாம். ஹடர்ஸ்ஃபீல்டு கம்பளி பிரிட்டனுடையது என்பதால், ஒன்றியத்துக்குள் இருப்பவர்களும் சுங்கத் தாள் போட்டுத்தான் எடுக்க வேண்டும்.

முதல் மின்னஞ்சலில் எழுத வேண்டியவை

நார், கவுண்ட் (நூலின் தடிமனைச் சொல்லும் எண்), நெசவு வகை, எடை, பயன்படும் அகலம், என்ன ஆடைக்கு, ஒரு நிறத்துக்கு எத்தனை மீட்டர், எந்தத் தேதிக்கு. இவ்வளவு இருந்தால் போதும். மூன்று இடத்தில் புதியவர்கள் தடுமாறுவார்கள்.

எடை. கம்பளி ஆலைகள் பெரும்பாலும் ஓடும் மீட்டருக்கு எத்தனை கிராம் என்று சொல்லும். பின்னல் ஆலைகள் சதுர மீட்டருக்குச் சொல்லும். 280 கிராம் சூட் துணி, 150 செ.மீ. அகலத்தில், சதுர மீட்டருக்கு 187 கிராம்தான். இதைக் கவனிக்காமல் 280 ஜிஎஸ்எம் (சதுர மீட்டருக்குக் கிராம்) என்று நினைத்தால் குளிர்காலக் கோட்டுக்குக் கோடைத் துணி வந்து சேரும்.

கவுண்ட். கம்பளிக்கு என்எம், பருத்திக்கு என்இ, லினனுக்கு லீ என்று மூன்று அளவு முறைகள். பருத்தி என்இ எண்ணை 1.69-ஆல் பெருக்கினால் என்எம். லினன் லீ எண்ணை 0.6-ஆல் பெருக்கினால் என்எம். வெறும் ‘40’ என்று எழுதாதீர்கள்.

சூப்பர் எண். இது கம்பளி இழையின் நுண்மையைச் சொல்லும், துணியின் உழைப்பைச் சொல்லாது. சூப்பர் 100 என்றால் இழை விட்டம் 18.75 மைக்ரானுக்கு மிகக்கூடாது, சூப்பர் 120 என்றால் 17.75. எண் ஏற ஏற இழை மெலியும், முழங்கையும் தொடையும் சீக்கிரம் தேயும். தினசரி உடுத்தும் சூட்டுக்கு 100, 110 போதும். 150-ஐக் கேட்பது பெரும்பாலும் லேபிளுக்காக.

குறைந்தபட்ச அளவு ஏன் அப்படி இருக்கிறது

ஸ்டாக் துணி என்றால் ஒரு ரோல், 40 முதல் 60 மீட்டர், சில இடங்களில் வெட்டுத்துணியாகவும் தருவார்கள். உங்களுக்கென்று நெய்ய வேண்டுமானால் கணக்கு மாறும். பாவு (நீளவாட்டு நூல்) ஓட்டி, கஞ்சி போட்டு, ஆயிரக்கணக்கான இழைகளைத் தறியில் கோத்து முடிக்க ஆகும் செலவு 50 மீட்டருக்கும் 500 மீட்டருக்கும் கிட்டத்தட்ட ஒன்றே. நிறத்துக்கு 300 மீட்டர் என்று ஆலை பிடிவாதம் பிடிப்பது இதனால்தான். அதற்குக் கீழே போனால் கூடுதல் கட்டணம் போடுவார்கள்; பேரம் பேசிக் குறைக்க முயல்வதைவிட ஆர்டரை மாற்றி அமைப்பது பலன் தரும். பாவை ஒரே நிறத்தில் வைத்துக்கொண்டு ஊடையை (குறுக்கு நூலை) மட்டும் மாற்றச் சொல்லுங்கள். ஒரே பாவில் மூன்று நிறம் எடுக்கலாம். அல்லது ஆலையில் தயாராக இருக்கும் காடா (சாயம் போடாத) துணிக்கு உங்கள் நிறத்தில் சாயம் போடச் சொல்லுங்கள்.

பின்னல் துணியில் எல்லையை முடிவு செய்வது சாய எந்திரத்தின் கொள்ளளவு. 100 கிலோ ஜெட் எந்திரம் என்றால், 200 ஜிஎஸ்எம், 180 செ.மீ. அகலத் துணி ஒரு மீட்டர் 360 கிராம். 100 கிலோவுக்குச் சுமார் 278 மீட்டர். பாதி நிரப்பிய எந்திரத்தில் துணிக்கும் நீருக்குமான விகிதம் மாறுவதால் நிறமும் தள்ளிப் போகும். ஆகவே அரை லாட் (ஒரே தடவையில் சாயம் போடும் அளவில் பாதி) வேண்டும் என்று கெஞ்சாதீர்கள், சின்ன எந்திரம் இருக்கிறதா என்று கேளுங்கள்.

கேட்ட மீட்டருக்கும் வரும் மீட்டருக்கும் 5 முதல் 10% வரை வித்தியாசத்தை ஆலைகளின் நிபந்தனைகள் அனுமதிக்கும். 300 மீட்டர் கட்டாயம் வேண்டுமென்றால் 300 என்று ஆர்டர் போடுவது தவறு.

நாள் கணக்கு

ஸ்டாக் துணி ஒரு வாரத்தில் கிளம்பும். காடாவுக்குச் சாயம் போட்டுத் தர 4 முதல் 6 வாரம். சாய நூலில் நெய்யும் கோடு, கட்டம் போன்றவற்றுக்கு 8 முதல் 12 வாரம். இதில் எல்லோரும் மறப்பது ஆகஸ்ட். ஆகஸ்ட் 15-ஐ ஒட்டி இத்தாலிய ஆலைகள் இரண்டு மூன்று வாரம் கதவையே சாத்திவிடும். ஜூன் 20-ல் போட்ட 10 வார ஆர்டர் தாளில் ஆகஸ்ட் 29-ல் முடியும். நடுவில் 3 வாரம் மூடல், திறந்ததும் சாயப்பட்டறையில் நிற்கும் வரிசை, இரண்டையும் சேர்த்தால் செப்டம்பர் கடைசி. மே மாதத்திலேயே ஆர்டர் உறுதியாகிவிட வேண்டும். இல்லையென்றால் அந்த ஆர்டருக்குப் போர்ச்சுகலைப் பாருங்கள்; அங்கேயும் ஆகஸ்ட் விடுமுறைத் தேதியை எழுத்தில் வாங்க வேண்டும்.

புது ரகங்களைக் கையில் தொட்டுப் பார்க்க மிலானோ யூனிக்கா, பாரிஸின் பிரமியேர் விசியோன் கண்காட்சிகள் ஆண்டுக்கு இரண்டு முறை நடக்கின்றன. நூல் வாங்குவோருக்கு ஃபிளாரன்ஸின் பிட்டி ஃபிலாட்டி. சாம்பிள் கேட்கும்போது நிறம், ஆர்ட்டிகிள் எண், விலை எந்த அளவுக்கானது, மூன்றையும் அங்கேயே எழுதிக்கொள்ளுங்கள். 1,000 மீட்டர் விலையைக் கேட்டுவிட்டு 100 மீட்டர் ஆர்டர் போட்டுவிட்டு அதிர்ச்சி அடைபவர்கள் ஒவ்வொரு சீசனிலும் உண்டு.

மாதிரியை ஒப்புக்கொள்வது

லேப் டிப், அதாவது ஆய்வுக்கூடத்தில் சாயம் போட்ட மாதிரித் துண்டு, இரண்டு மூன்று ஷேடுகளில் வரும். பகல் வெளிச்சத்துக்கு இணையான டி65 விளக்கிலும் கடை விளக்கான டிஎல்84-இலும் பாருங்கள். ஒன்றில் ஒத்து மற்றொன்றில் விலகினால் சாயச் சேர்க்கையை மாற்றச் சொல்ல வேண்டும். ஒப்புக்கொண்ட துண்டைப் பாதியாக வெட்டி, கையெழுத்துப் போட்டு, ஒரு பாதியை வைத்துக்கொள்ளுங்கள்.

சுருக்கத்துக்கு 50 செ.மீ. சதுரத்தில் குறியிட்டு, ஐஎஸ்ஓ 6330 முறையில் மூன்று முறை துவைத்து, நீளத்திலும் அகலத்திலும் தனித்தனியாக அளந்து பாருங்கள். சூட் கம்பளிக்குத் துவைப்பதைவிட நீராவி கொடுத்தும் ஒட்டுத்துணி வைத்து அழுத்தியும் பார்ப்பதே சரியான சோதனை. தையல் கூடத்தில் அது சுருங்குவது அந்த நீராவியிலும் அழுத்தத்திலும்தான். அடர் நிறங்களுக்கு ஈர உரசல் எண்ணை (ஈரத்தில் உரசினால் சாயம் எவ்வளவு ஒட்டும் என்பது), ஐஎஸ்ஓ 105-எக்ஸ்12 முறையில், எழுத்தில் கேளுங்கள்.

பிராட்டோவின் மறுசுழற்சிக் கம்பளியில் இழை குட்டையாகிவிடும். பிசிறு உருண்டை கட்டுவதும் இழுவிசை குறைவதும் அதனால். வலுவுக்காக நைலான் சேர்ப்பார்கள். அதைக் குறையாக நினைக்க வேண்டாம். சாயம் போடாமல் கந்தலை நிறவாரியாகப் பிரித்தே நிறம் எடுத்திருந்தால், லாட்டுக்கு லாட் ஷேட் மாறும். முழு ஆர்டரையும் ஒரே லாட்டில் வாங்குவதைத் தவிர வழியில்லை.

தாள்கள்

நார் சதவீதத்துக்கு ஐரோப்பிய ஒன்றியத்தின் 1007/2011 விதிமுறை. லேபிளில் எழுதியதற்கும் உண்மைக்கும் 3% வரை உற்பத்தி விலக்கம் உண்டு. ‘100%’ என்று எழுதிய துணியில் தவிர்க்க முடியாமல் கலந்த அந்நிய நார் 2% வரை, கார்டட் முறையில் 5% வரை இருக்கலாம். விற்கும் நாட்டின் மொழியில் லேபிள் போடுவது விற்பவரின் பொறுப்பு.

ஒன்றியத்தின் ரசாயனக் கட்டுப்பாட்டுச் சட்டமான ரீச் விதிமுறையின் இணைப்பு 17-ல் இருந்து நான்கைக் கேளுங்கள்: தடைசெய்யப்பட்ட அசோ சாய அமீன்கள் கிலோவுக்கு 30 மி.கி.க்குக் கீழ், ஆடையில் ஃபார்மால்டிஹைடு 75 மி.கி.; நோனைல்ஃபீனால் எதாக்ஸிலேட் 0.01%, நீர் விலக்கும் பூச்சு இருந்தால் பிஃபாஸ் (ஃப்ளோரின் சேர்மங்கள்) நிலை. பிஎஃப்எச்எக்ஸ்ஏ என்ற பிஃபாஸ் வகை சார்ந்த பூச்சுகளுக்கு ஆடைகளில் 2026 அக்டோபர் முதல் தடை. ஃப்ளோரின் இல்லாத பூச்சு மழையைத் தாங்கும், எண்ணெய்க் கறையைத் தாங்காது. வாடிக்கையாளருக்கு அதை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

தீங்கான ரசாயனங்களுக்குச் சோதித்துத் தரப்படும் ஓக்கோ-டெக்ஸ் சான்றிதழில் நீங்கள் வாங்கும் ஆர்ட்டிகிள் அடங்குகிறதா, தேதி செல்லுபடியா என்று பாருங்கள். ஆலையின் பொதுவான காட்ஸ் (ஆர்கானிக் ஜவுளிக்கான) சான்றிதழ் மட்டும் உங்கள் துணியை ஆர்கானிக் ஆக்காது. உங்கள் சரக்குக்கான பரிவர்த்தனைச் சான்றிதழ் வேண்டும். அதை ஆர்டரின்போதே கேட்காவிட்டால் பின்னால் வாங்குவது கடினம்.

ரோல் இறங்கியதும்

அகலத்தை மூன்று இடத்தில் அளந்து பாருங்கள். 10 செ.மீ. சதுரம் வெட்டி எடை போட்டு 100-ஆல் பெருக்கினால் ஜிஎஸ்எம். துணியின் ஓரத்தை நடுப்பகுதியின் மேல் மடித்து வைத்து நிறம் பாருங்கள். ஓரம் வெளிறியிருந்தால் பாகம் பாகமாக வெட்டும்போது ஒரே சட்டையில் இரண்டு நிறம் தெரியும். ஓரத்தில் சின்ன நூல் முடிச்சு தொங்கினால் அது அந்த வரியில் குறை இருப்பதற்கான அடையாளம். அதற்கு ஈடாகக் கொஞ்சம் துணியைக் கணக்கில் கழித்திருக்கிறார்களா என்று பில்லில் பாருங்கள். பின்னல் துணியை ரோலைப் பிரித்து 24 மணி நேரம் தளரவிட்ட பிறகே விரிக்க வேண்டும்.

குறை தெரிந்தால் உடனே எழுதுங்கள். இத்தாலிய சிவில் சட்டத்தின் 1495-ஆம் பிரிவு, குறை தெரிந்த நாளிலிருந்து 8 நாள்தான் தருகிறது. ஒப்பந்தத்தில் வேறு கெடு இருந்தால் அது. கத்தி வைத்த துணிக்கு ஆலைகள் பொதுவாகப் புகாரை ஏற்பதில்லை. ஆகவே லாட் எண், படம், அளவு மூன்றையும் அனுப்பி, பதில் வரும்வரை அந்த ரோலைத் தனியே வையுங்கள்.

மறு ஆர்டர் போடும்போது ஆர்ட்டிகிள் எண்ணை மட்டும் அனுப்பாதீர்கள். பழைய லாட்டின் ஒரு துண்டையும் சேர்த்து அனுப்பி, சாயப்பட்டறையோ ஃபினிஷிங் ஆலையோ மாறியிருக்கிறதா என்று கேளுங்கள். மாறியிருந்தால் லேப் டிப், சுருக்கச் சோதனை இரண்டையும் புதிதாகச் செய்து வாங்கிய பிறகே அளவை உறுதி செய்ய வேண்டும்.