பறவை எவ்வளவு உயரத்தில் பறக்கிறது? நீலகிரியில் நின்று அளக்க ஓர் எளிய முறை

பறவை பார்க்கத் தொடங்கியவர்களின் குறிப்பேட்டில் பெயர் இருக்கும், எண்ணிக்கை இருக்கும், நேரம் இருக்கும். உயரம் மட்டும் இருக்காது. இருந்தாலும் "ரொம்ப மேலே" என்பதோடு முடிந்துவிடும். சமவெளியில் இருப்பவர்களுக்கு அண்ணாந்து பார்ப்பதைத் தவிர வேறு வழியில்லை. நீலகிரியில் அப்படி இல்லை. கோடநாடு காட்சிமுனையிலோ குன்னூர் டால்பின் நோஸிலோ நின்றால் கழுகின் முதுகையே பார்க்கலாம். இந்த வசதியைப் பயன்படுத்தாமல் விடுவது பெரிய இழப்பு என்று நினைக்கிறேன்.

தேவையானவை: ஒரு பைனாகுலர், ஒரு நோட்டு, பாதி தண்ணீர் நிரப்பிய கண்ணாடி பாட்டில். ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக் பாட்டிலுக்கு நீலகிரியில் தடை உண்டு. பாட்டில் எதற்கு என்று பிறகு சொல்கிறேன்.

1. எந்த உயரம் என்று முடிவு செய்யுங்கள்

உயரம் என்பதில் இரண்டு வகை உண்டு: கடல்மட்டத்திலிருந்து எவ்வளவு, கீழே உள்ள தரையிலிருந்து எவ்வளவு. தொட்டபெட்டா உச்சி 2637 மீட்டர். அங்கே ஒரு புதரிலிருந்து அடுத்த புதருக்குத் தாவும் கொண்டைக்குருவி கடல்மட்டக் கணக்கில் 2600 மீட்டருக்கு மேல் பறக்கிறது; தரைக் கணக்கில் இரண்டு மீட்டர்கூட இல்லை.

வரித்தலை வாத்து இதற்கு நல்ல உதாரணம். குளிர்காலத்தில் திருநெல்வேலி மாவட்டக் கூந்தன்குளம் வரை வரும் இந்த வாத்து இமயமலையைத் தாண்டிப் போகிறது. கருவி பொருத்திப் பின்தொடர்ந்தபோது 7000 மீட்டருக்கு மேலும் பதிவாகியிருக்கிறது. ஆனால் அந்த உயரத்திலேயே நேராகப் பறந்துகொண்டிருப்பதில்லை. மலை ஏறும் இடத்தில் ஏறி, இறங்கும் இடத்தில் இறங்கி, பெரும்பாலும் தரையை ஒட்டியே போகிறது. கீழே காற்று அடர்த்தியாக இருப்பதால் சிறகடிக்கும் உழைப்பு குறைகிறது. அதனால் இரண்டு உயரத்தையும் எழுதுங்கள். ஒன்றை மட்டும் எழுதினால் பறவை என்ன செய்கிறது என்பதே புரியாது.

2. கண்மட்டக் கோட்டைப் பிடியுங்கள்

நிற்கும் இடத்தின் உயரத்தைக் கைபேசியில் பார்த்து எழுதிக்கொள்ளுங்கள். இப்போது பாட்டிலைக் கண்ணுக்கு நேராகப் பிடித்து, தண்ணீர் மட்டத்தின் வழியாகப் பள்ளத்தாக்கைப் பாருங்கள். அந்தக் கோட்டில் எந்தப் பறவை வந்தாலும், கிட்டத்தட்ட நீங்கள் நிற்கும் உயரத்தில்தான் இருக்கிறது. கணக்கே வேண்டாம். பறவைக்கு நேர் கீழே உள்ள தரையின் உயரத்தை, சமவுயரக் கோடுள்ள (ஒரே உயரமுள்ள இடங்களை இணைக்கும் கோடுகள்) வரைபடத்தில் பார்த்துக் கழித்தால் தரையிலிருந்து உயரமும் கிடைத்துவிடும்.

3. கோட்டுக்கு மேலே இருந்தால்

முதலில் தூரம். உங்கள் பைனாகுலரில் '1000 மீட்டருக்கு 130 மீட்டர்' என்பது போல ஓர் எண் இருக்கும். ஆயிரம் மீட்டர் தள்ளி 130 மீட்டர் அகலம் தெரியும் என்று பொருள். மலைச்சரிவில் மரத்தலைகளை ஒட்டி மெதுவாக மிதக்கும் கருங்கழுகுக்கு இறக்கை விரிப்பு சுமார் 1.6 மீட்டர். வட்டமடிக்கும்போது அது முழு இறக்கையையும் காட்டும் நொடியில், பார்வை வட்டத்தில் எத்தனையில் ஒரு பங்கு என்று மதிப்பிடுங்கள். இருபதில் ஒரு பங்கு என்றால் அங்கே பார்வை அகலம் 32 மீட்டர். 32-ஐ 130-ஆல் வகுத்து ஆயிரத்தால் பெருக்கினால் தூரம் ஏறக்குறைய 250 மீட்டர்.

அடுத்து கோணம். கையை முழுதாக நீட்டி, விரல்களை மடக்கி முட்டி பிடித்தால், அந்த முட்டியின் அகலம் சுமார் 10 பாகை. தண்ணீர்க் கோட்டிலிருந்து பறவை வரை எத்தனை முட்டி என்று எண்ணுங்கள். ஒரு முட்டி என்றால் உயரம் தூரத்தில் ஆறில் ஒரு பங்கு, இரண்டு என்றால் மூன்றில் ஒரு பங்கு, மூன்று என்றால் சரிபாதி. நம் கழுகு மூன்று முட்டி மேலே இருந்தால் கண்மட்டத்துக்கு 125 மீட்டர் மேலே. கோட்டுக்குக் கீழே இருந்தால் இதே கணக்கைக் கழித்துக்கொள்ளுங்கள். இருபது, முப்பது மீட்டர் பிசகும். பரவாயில்லை, "ரொம்ப மேலே" என்பதைவிட இது எவ்வளவோ மேல்.

4. வானிலையைப் பக்கத்திலேயே எழுதுங்கள்

என்னைக் கேட்டால் இதுதான் முக்கியமான படி. வெயில், காற்று, மஞ்சு (மலையில் தவழும் மேகமூட்டம்), மழை இவை தெரியாமல் உயரம் வெறும் எண்.

விடியற்காலையில் கழுகு எதுவும் உயரத்தில் இருக்காது. சூரியன் பட்டுச் சரிவு சூடான பிறகுதான் வெப்பக்காற்று மேலெழும்பும், அதில் ஏறித்தான் பெரிய பறவைகள் சிறகடிக்காமல் உயரும். கிழக்குச் சரிவில் வெயில் முதலில் விழுவதால் காலையில் அங்கே பாருங்கள், பிற்பகலில் மேற்கே. கோடநாட்டுக்குக் கீழே மாயாறு பள்ளத்தாக்கில் பாறு கழுகுகள் (பிணந்தின்னிக் கழுகுகள்) இருக்கின்றன. அவையும் இந்தக் காற்றுக்காகக் காத்திருப்பவைதான். ஆப்பிரிக்காவின் ரூப்பெல் பாறு ஒன்று 1973-இல் ஐவரி கோஸ்ட் வானில் சுமார் 11,300 மீட்டரில் விமானத்தில் மோதியதுதான் பறவைகளில் இதுவரை பதிவான மிக அதிக உயரம்.

காற்று பலமாக வீசும் நாளில் வெயில் இல்லாவிட்டாலும் ஏற்றம் கிடைக்கும். மலைமுகத்தில் மோதும் காற்று மேலே திரும்பும். பாறை விளிம்பில் கெஸ்ட்ரல் என்னும் சிறு வல்லூறு ஒரே இடத்தில் நிற்பது அந்தக் காற்றில்தான். தென்மேற்குப் பருவத்தில் மேற்குச் சரிவும், வடகிழக்குப் பருவத்தில் குன்னூர், கோத்தகிரிப் பக்கமும் காற்று மோதும் முகங்கள்.

மஞ்சு ஏறி வந்தால் உயரக் கணக்கை மூடிவிட்டுத் தாழ்வாகப் பாருங்கள். மிதப்பவை இறங்கி அமர்ந்துவிடும். பறந்தபடியே பூச்சி பிடிக்கும் உழவாரன்கள் மட்டும் பறந்துகொண்டிருக்கலாம். மழைக்கு முன் பூச்சிகள் கீழே இறங்கினால் அவையும் கூடவே இறங்கும். "தட்டான் தாழப் பறந்தால் தப்பாமல் மழை வரும்" என்று ஊரில் சொல்வதையும் உங்கள் குறிப்போடு ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

மழையில் உட்கார்ந்திருக்கும் பறவையின் தோரணையையும் எழுதுங்கள். அடைமழையில் உடலை நிமிர்த்தி இறகைப் படிய வைக்கும், தண்ணீர் வழிந்தோட. குளிர் மட்டும் இருந்தால் இறகை உப்ப வைத்து உள்ளே காற்றை அடைத்துக்கொள்ளும். வெள்ளைக்கண்ணிகள் ஒன்றோடொன்று ஒட்டி வரிசையாக உறங்கும். டிசம்பர் முதல் பிப்ரவரி வரை ஊட்டியில் உறைபனி விழும் காலைகளில், நாற்பது பாகை செல்சியஸ் உடற்சூட்டை அந்தச் சிறு உடல் இப்படித்தான் காக்கிறது. மழை விட்டதும் எஸ்டேட் சில்வர் ஓக் மரங்களின் உச்சியைப் பாருங்கள். இறக்கையை விரித்துக் காயவைக்கும் கழுகு கிடைத்தால், அது கிளம்பும் நேரத்தையும் குறித்துவிடுங்கள்.

5. பதிவேற்றுங்கள்

ஈபேர்டில் (பறவைப் பதிவுகளுக்கான இணையதளம், செயலி) பட்டியல் இடும்போது பறவைக்கு எதிரே கருத்து எழுதும் இடம் இருக்கும். "கண்மட்டத்துக்கு 125 மீ. மேலே, மேற்குக் காற்று, மேகமில்லை" என்று ஒரு வரி போதும். ஜனவரியில் பொங்கல் பறவைகள் கணக்கெடுப்பு நடக்கும். தொடங்குபவர்களுக்கு ஏற்ற நேரம். உறைபனிக் காலையில் ஏழு மணிக்கே போய் நின்று, முதல் கழுகு எத்தனை மணிக்குத் தண்ணீர்க் கோட்டைத் தாண்டி மேலே போகிறது என்று மட்டும் எழுதிப் பாருங்கள்.