அரண்மனைக்காரன் தெருவில் கேமராவோடு

பாரிமுனைப் பக்கம் அரண்மனைக்காரன் தெரு என்கிறோமே, அது உண்மையில் ஆர்மீனியர் தெரு. சென்னைக்காரர்கள் பேச்சில் அப்படி மருவிவிட்டது. 1772-இல் கட்டிய ஆர்மீனியத் தேவாலயம் அங்கே இன்னும் நிற்கிறது. ஆனால் சென்னையில் ஆர்மீனியர் இன்று அநேகமாக யாரும் இல்லை. ஆட்கள் போன ஊரில் அவர்கள் நினைவை எப்படி ஆவணப்படமாக்குவது? நான் செய்து பழகியதைச் சொல்கிறேன்.

முதல் நாள் அனுமதி வாங்கிக்கொண்டு நோட்டோடு மட்டும் போங்கள். கல்லறைக் கற்களைச் சுற்றி வாருங்கள். உலகின் முதல் ஆர்மீனிய இதழான ‘அஸ்தரார்’ 1794-இல் சென்னையில்தான் அச்சானது. அதை நடத்திய பாதிரியார் ஹாருத்யுன் ஷ்மாவோனியன் அந்த வளாகத்திலேயே அடக்கமாகியிருக்கிறார். நான் படத்தைத் தொடங்குவதென்றால் அவர் கல்லில்தான் தொடங்குவேன்.

உச்சி வெயிலில் கல்லைப் படம் பிடித்தால் வெறும் சாம்பல் பரப்புதான் கிடைக்கும். காலைச் சாய்வெயில் நல்லது. அது இல்லையென்றால் டார்ச்சைக் கல்லோடு ஒட்டிப் படுக்க வையுங்கள். தேய்ந்த எழுத்தெல்லாம் நிழல் கட்டி எழும்பி வரும். சாக்பீஸ், எண்ணெய் எதுவும் தடவவே கூடாது, கல் கெட்டுவிடும்.

ஆர்மீனிய எழுத்துகளே எண்களும்கூட. ஆண்டைக் குறிக்கும் எழுத்துகளின் மதிப்பைக் கூட்டிப் பார்த்து 1221 என்று வந்தால், அது ஆர்மீனிய ஆண்டு; அதோடு 551 சேர்த்து 1772 என்று கொள்ளுங்கள். ஆனால் ஈரானின் ஜுல்ஃபாவைச் சேர்ந்த ஆர்மீனிய வணிகர்களுக்கு அசாரியா கணக்கு என்று இன்னோர் ஆண்டுக் கணக்கு உண்டு. ஒரு கடித நகலில் 130 என்று பார்த்து நானும் 551-ஐக் கூட்டி, ஏழாம் நூற்றாண்டுக்குப் போய்விட்டேன்! அங்கே கூட்ட வேண்டியது 1615, ஆண்டு 1745.

அப்புறம் தேவாலயத்தின் மணிக்கூண்டு. அதில் ஆறு மணிகள் தொங்குகின்றன. முதல் தடவை கேமரா மைக்கை நம்பி அடியிலேயே நின்றேன். ஒலி முழுக்க உடைந்து, ஒன்றும் தேறவில்லை. தனி ரெக்கார்டரோடு தள்ளி நின்று, ஒலிப்பதிவு அளவைக் குறைத்து வையுங்கள். கடைசி ரீங்காரம் அடங்கும்வரை கை அசையக் கூடாது. நடுவில் பேருந்து ஹாரன் வந்தால் வரட்டும், அந்தத் தெருவின் சத்தம் அது.

மனிதர்களைத் தேடிக் கொல்கத்தாவுக்குப் போக வேண்டும். இந்தத் தேவாலயத்தைப் பராமரிப்பதும் அங்குள்ள ஆர்மீனியச் சமூகம்தான். “உங்கள் வரலாற்றைச் சொல்லுங்கள்” என்று ஆரம்பித்தால் பெரியவர்கள் பாடப்புத்தகத்தை ஒப்பிப்பார்கள். ஆர்மீனியர்களுக்குக் கிறிஸ்துமஸ் ஜனவரி 6-இல்தான். “ஜனவரி 6 கிறிஸ்துமஸுக்கு உங்கள் அம்மா எத்தனை மணிக்கு அடுப்பு பற்ற வைப்பார்?” என்று கேளுங்கள். பேச்சில் ஓர் ஆர்மீனியச் சொல் வந்தால் தாளும் பேனாவும் நீட்டி எழுதித் தரச் சொல்லுங்கள். எழுதும் கையைக் கிட்டத்தில் வைத்து எடுங்கள். நடுங்கினாலும் சரி, வெட்டாதீர்கள்.

அன்று இரவே மூன்று நகல்: இரண்டு வெவ்வேறு டிஸ்க்கில், ஒன்று வேறு ஊரில் இருக்கும் நண்பரிடம். கோப்பின் பெயரிலேயே தேதி, இடம், பேசியவர் யார் என்று எழுதிவிடுங்கள். பேசியவர் வீட்டுக்கும் முழுப் பதிவைக் கொடுத்த பிறகுதான் மெமரி கார்டை அழிக்க வேண்டும்.