கம்பி வேலிக்கு முன்னால் கிளுவையைப் பாருங்கள்

காங்கேயம் பக்கம் காடு, அதாவது மானாவாரி நிலம், வாங்கினவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "வேலிக்குக் கல்கால் போடலாமா, சிமெண்டு போஸ்ட்டுங்களா?" என்றுதான். கல்காலுக்கு எங்கோ ஒரு பாறைக்குழியில் வெடி வைத்திருப்பார்கள். சிமெண்டுக்குச் சுண்ணாம்புக்கல்லை 1,450 டிகிரி வரை சுட வேண்டும். எரிபொருளின் புகை போதாதென்று அந்தக் கல்லே கரியமில வாயுவைக் கக்கும். முள்கம்பியில் துத்தநாகப் பூச்சு போனால் துருதான். எங்கள் கொறங்காடுகளை, அதாவது மேய்ச்சல் நிலங்களைச் சுற்றி உயிர்வேலியாக நிற்பது கிளுவை என்ற முள்மரம். நட்டால் தானாகத் துளிர்க்கும்.

போத்து, அதாவது நடுவதற்கான கிளை, எடுப்பதில்தான் சூட்சுமம். ஒரே வேலியை மொட்டையடிக்காதீர்கள். வேலி கழிக்கிறவர்களிடம் முன்கூட்டியே சொல்லி வையுங்கள், வெட்டிப் போடுவதைக் கொடுப்பார்கள். கட்டைவிரலைவிடப் பருமனாக, நெஞ்சு உயரத்துக்கு, இலை உதிர்ந்து நிற்கும்போது வெட்டியதாக இருக்கட்டும். அரிவாள் மழுங்கியிருந்தால் நுனி பிளக்கும், பிளந்தது அழுகும். வெட்டுவாய் காய இரண்டு மூன்று நாள் நிழலில் கிடக்கட்டும். ஐப்பசி மழைக்கு முன்னால் கடப்பாரையில் குழி போட்டு, முழ ஆழத்தில், சாணுக்கு ஒன்றாக நடுங்கள். சம்மட்டியால் அடித்து இறக்கினால் பட்டை உரிந்துவிடும்.

குறுக்கே வரிச்சுக் குச்சி வைத்துக் கத்தாழை நாரில் கட்டுங்கள். நைலான் கயிறு வெயிலில் இழை இழையாகப் பிய்ந்து, புல்லோடு மாட்டின் வயிற்றுக்குப் போகும்.

முதல் வருடம் ஆடு துளிரை விடாது. வெளிப்பக்கம் சீமைக்கருவேல முள்ளைப் போடுங்கள். அந்த மரத்தை வெட்டினால் ஊருக்கே நல்லது. ஆனால் நெற்று இருக்கும் கிளையைக் கொண்டுவராதீர்கள். மாடு நெற்றைத் தின்றால் சாணியில் விதை விழுந்து உங்கள் காட்டிலேயே முளைக்கும்.

வாசலில் படல் மாட்ட இரண்டு கல்கால் வேண்டும்தான். சைட்டு பிரிக்கிற தோட்டங்களில் பிடுங்கிப் போட்ட பழைய கல் கிடைக்கும். பனையை வெட்டலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். அதற்குக் கலெக்டர் அனுமதி வேண்டும் என்று 2021 வேளாண் பட்ஜெட்டிலேயே அறிவித்துவிட்டார்கள்.

வேலி இடைவெளியில்லாமல் அடைய இரண்டு மூன்று வருடம் ஆகும். அவசரமென்றால் ரோட்டோரம் மட்டும் கம்பி கட்டி, அதை ஒட்டியே கிளுவையையும் நட்டுவிடுங்கள். அப்புறம் பிரண்டை தானாக ஏறும், துவையலுக்கு ஆச்சு.