அமேசான் வீராங்கனைகளைப் பற்றி எழுதும்போது சறுக்கும் இடங்கள்

கிரேக்கத் தொன்மங்களில் வரும் அமேசான் பெண்களைப் பற்றிய கட்டுரைகளில் முதல் பத்தியிலேயே ஒரு செய்தி அடிக்கடி வந்து நிற்கும். வில்லை வளைக்க வசதியாக வலது மார்பை அகற்றிக்கொண்டார்களாம். இதை உண்மைபோல எழுதுவதுதான் முதலில் விட வேண்டிய தவறு.

கிரேக்கத்திலும் நம் 'அநீதி', 'அதர்மம்' போன்ற சொற்களில் வருவதைப் போல எதிர்மறை 'அ' உண்டு. 'மாஸோஸ்' என்றால் மார்பு. இரண்டையும் சேர்த்து, 'அமேசான்' என்றால் மார்பற்றவள் என்றார்கள். வேற்று மொழியிலிருந்து வந்ததாகக் கருதப்படும் ஒரு பெயருக்கு, ஒலி ஒத்துப்போனதை வைத்துக் கிரேக்கர்களே பிற்காலத்தில் கட்டிய பொருள் அது. அவர்களுடைய கலைஞர்களே அதை நம்பவில்லை. மட்பாண்டங்களிலும் பளிங்குச் சிற்பங்களிலும் அமேசான்கள் இரண்டு மார்புகளோடுதான் இருக்கிறார்கள். ஹோமர் அவர்களுக்குச் சூட்டும் அடைமொழியோ 'ஆண்டியானெய்ராய்', அதாவது ஆடவர்க்கு நிகரானவர்கள். அந்த அடைமொழியை விட்டுவிட்டு ஊனத்தைப் பிடித்துக்கொள்வது எனக்கு வருத்தமாகவே இருக்கிறது.

அடுத்தது மொழிபெயர்ப்பில் நேர்வது. கிரேக்க வீரன் ஹெராக்ளிஸுக்கு இடப்பட்ட பணிகளில் ஒன்பதாவது, அமேசான் அரசி ஹிப்போலிட்டாவின் இடுப்பில் இருந்த ஒன்றைக் கொண்டுவருவது. அதை 'ஒட்டியாணம்' என்றோ 'மேகலை' என்றோ எழுதினால் கதையே மாறிவிடும்; நகைக்கு ஆசைப்பட்ட சண்டையாகத் தெரியும். கிரேக்க மூலத்தில் இருப்பது 'ஸோஸ்டர்', போர்வீரன் கட்டும் அரைக்கச்சை. டிராய்ப் போரைப் பாடும் ஹோமரின் இலியட்டில், கிரேக்க அரசன் மெனலாவுஸ் மீது பாய்ந்த அம்பு உயிரைக் குடிக்காமல் தடுத்தவற்றுள் ஒன்று அவன் கட்டியிருந்த ஸோஸ்டர்தான். ஹிப்போலிட்டாவின் கச்சை போர்க்கடவுள் ஏரிஸ் கொடுத்தது. தன் மக்களுள் அவளே முதன்மையானவள் என்பதற்கு அடையாளம். அப்பொல்லோடோரஸ் பெயரில் வழங்கும் தொன்மத் தொகுப்பின்படி, ஹெராக்ளிஸ் கேட்டதும் அதைத் தரவே அவள் ஒப்புக்கொண்டாள். அரசியைக் கடத்துகிறார்கள் என்று பெண் தெய்வம் ஹீரா புரளி கிளப்பியதால்தான் போர் மூண்டது, அவள் உயிரும் போனது. அவளை வில்லியாக்கும் சுருக்கங்கள் இந்த இடத்தைத் தாண்டிப் போய்விடுகின்றன.

இன்னொரு அமேசான் அரசியான பெந்தெசிலியாவை இலியட்டில் தேடாதீர்கள். அந்தக் காவியம் டிராய் வீரன் ஹெக்டரின் ஈமச்சடங்கோடு முடிந்துவிடுகிறது. அவள் டிராய்க்கு உதவ வருவது அதற்குப் பிறகு. சில பழைய படிகளில் இலியட்டின் கடைசி வரியையே மாற்றி, 'அமேசான் வந்தாள்' என்று அடுத்த கதைக்குத் தொடுப்புப் போட்டிருக்கிறார்கள். அவள் கதை இன்று முழுமையாகக் கிடைப்பது, பல நூற்றாண்டுகள் கழித்துக் குவிண்டஸ் எழுதிய காவியத்தில். அதில் ஹிப்போலிட்டாவின் சாவு வேறு விதமாக வருகிறது: வேட்டையில் தவறுதலாகச் சகோதரி ஹிப்போலிட்டாவைக் கொன்றுவிட்ட பழி அவள் நெஞ்சை அரிக்கிறது. போருக்கு வர அதுவும் ஒரு காரணம். இதைச் சொல்லாமல், 'கிரேக்க வீரன் அக்கிலீஸ் அவளைக் கொன்ற கணத்தில் காதல் கொண்டான்' என்ற ஒற்றை வரியில் அவளை முடிப்பது பெரிய அநியாயம். லண்டன் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் பண்டைய கிரேக்க ஓவியர் எக்ஸேகியாஸ் வரைந்த கறுப்புருவ ஜாடி ஒன்று இருக்கிறது. ஈட்டி அவள் கழுத்தில் இறங்கும்போதும் அவள் முகம் அவனை நேராகப் பார்க்கிறது.

ஆயுதம் எடுத்த பெண்கள் எல்லாரையும் அமேசான் ஆக்கிவிடவும் கூடாது. அட்டலாண்டா கிரேக்க வேட்டைக்காரி. கமில்லா ரோமானியக் கவி வர்ஜிலின் பாத்திரம். கி.மு. 480இல் சலாமிஸ் கடற்போரில் கலந்துகொண்ட ஆர்ட்டெமிசியாவோ வரலாற்று அரசி. தென் அமெரிக்க ஆற்றுக்கும் இவர்களுக்கும் நேரடி உறவு கிடையாது. 1542இல் அவ்வழி போன ஸ்பானியர்கள், தங்களைத் தாக்கியவர்களில் பெண்களும் இருந்ததாகச் சொன்ன கதையிலிருந்து வந்த பெயர் அது.

'ஆண்களை வெறுத்தவர்கள், ஆண் குழந்தைகளைக் கொன்றவர்கள்' என்று அடித்துச் சொல்வதும் சரியல்ல. மூல நூல்களே ஒன்றுக்கொன்று முரண்படுகின்றன. பண்டைய புவியியலாளர் ஸ்ட்ராபோ தரும் விவரப்படி, ஆண் குழந்தைகள் பக்கத்து மக்களான கர்காரியர்களிடம் ஒப்படைக்கப்பட்டார்கள். கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் சொல்வதில் அமேசான்கள், கருங்கடலுக்கு வடக்கே வாழ்ந்த சிதியர் இன இளைஞர்களை மணக்கிறார்கள், ஆனால் மாமியார் வீட்டுக்குப் போக மறுக்கிறார்கள். நாங்கள் வில் எய்வோம், ஈட்டி எறிவோம், குதிரை ஏறுவோம், உங்கள் பெண்களோடு எங்களுக்கு ஒத்துவராது என்கிறார்கள். கணவன்மார்தான் தங்கள் பங்குச் சொத்தை வாங்கிக்கொண்டு அவர்களோடு புறப்படுகிறார்கள். தானாயிஸ் ஆற்றைக் கடந்து அவர்கள் குடியேறிய வழியில் வந்தவர்களே சௌரோமாட்டியர் என்ற மக்கள் என்பது அவர் கணக்கு.

கடைசியாக, 'எல்லாம் கட்டுக்கதை' என்பதும் 'எல்லாம் நிரூபணமாகிவிட்டது' என்பதும் ஒரே அளவு தவறு. ஹிப்போலிட்டா வாழ்ந்தாள் என்பதற்கு எந்தச் சான்றும் இல்லை. ஆனால் தானாயிஸ் என்பது இன்றைய டான் ஆறு. அந்த ஆற்றுப் பகுதியில், ரஷ்யாவின் வொரோனெஷ் வட்டாரத்து தெவிட்சா ஊருக்கு அருகே, கி.மு. நான்காம் நூற்றாண்டுச் சிதியர் கல்லறை ஒன்றில் நான்கு பெண்கள் ஆயுதங்களோடு புதைக்கப்பட்டிருந்தது 2019இல் அறிவிக்கப்பட்டது. ஒருத்திக்கு 12, 13 வயதுதான்; மூத்தவளுக்கு 45க்கு மேல். இன்னொருத்தியைக் குதிரை மேல் அமர்ந்த நிலையில் கால்களை வைத்துக் கிடத்தியிருந்தார்கள். அவள் அருகில் ஒரு வெண்கலக் கண்ணாடியும் இரண்டு ஈட்டிகளும் இருந்தன.