ஜார்ஜ் டவுன் சுவரோவிய நடை: தவிர்க்க வேண்டிய தவறுகள்

மலேசியாவின் பினாங்கு மாநிலத் தலைநகரான ஜார்ஜ் டவுனில், ஆர்மேனியன் வீதியின் பழைய சுவர் ஒன்றில் உண்மையான இரும்பு மிதிவண்டி ஒன்று பொருத்தப்பட்டிருக்கிறது. அதை ஓட்டுகிற அக்காவும், பின்னால் அமர்ந்து அவளை இறுகப் பற்றிக்கொண்டு சிரிக்கிற தம்பியும் மட்டுமே வண்ணத்தால் தீட்டப்பட்டவர்கள். லிதுவேனியாவில் பிறந்த ஏர்னெஸ்ட் ஸகாரேவிச் என்ற ஓவியர், 2012ஆம் ஆண்டு ஜார்ஜ் டவுன் விழாவுக்காக இந்நகரின் சுவர்களில் வரைந்த ஓவியங்களில் இது ஒன்று. கேனன் வீதியில் நாற்காலி மேல் ஏறி நின்று கைநீட்டும் சிறுவன், ஆ குவீ வீதியில் பழைய மோட்டார் சைக்கிளில் அமர்ந்திருக்கும் சிறுவன், மன்ட்ரி வீதியில் இரண்டு சன்னல்களின் மேல் கைகளை ஊன்றித் தொங்கும் நீல உடைச் சிறுமி, பினாங்கு சாலையில் பயணிக்காகக் காத்திருக்கும் ரிக்‌ஷாக்காரர் ஆகிய ஓவியங்களும் அவர் கை வண்ணமே. இவற்றைக் காண வழிகாட்டியுடன் நடந்து செல்வது நல்ல ஏற்பாடுதான். ஆனால் அந்த நடையைத் தொடங்கும் முன்பே பலரும் செய்துவிடும் பிழைகள் சில உண்டு.

அவற்றுள் முதன்மையானது, ஓவியங்களின் எண்ணிக்கையைப் பார்த்து நடையைத் தேர்ந்தெடுப்பது. இரண்டு மணி நேரத்தில் இருபது ஓவியங்கள் என்று சொல்லும் நடையில், ஒவ்வொரு சுவருக்கும் கிடைப்பது ஒரு படம் எடுக்கும் நேரம் மட்டுமே. முதன்முறை சென்றபோது நானும் அப்படியொரு குழுவில்தான் சேர்ந்தேன். மிதிவண்டிச் சுவரின் முன் வரிசையில் நின்று, எங்கள் முறை வந்ததும் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்தோம். எதிர்ச்சாரியில் இருப்பது யாருடைய வீடு, அந்த வீதிக்கு ஏன் ஆர்மேனியர்களின் பெயர் வந்தது, வரிசை நின்ற இடத்திலிருந்து சில அடிகள் நடந்தால் என்ன இருக்கிறது என்பது பற்றி வழிகாட்டி ஒரு சொல்லும் சொல்லவில்லை. அதே வீதியின் 120ஆம் எண் வீடு, 1910இல் சீனப் புரட்சித் தலைவர் சுன் யாட் சென் தம் இயக்கத்தை நடத்திய இடம் என்பதை மறுநாள் தற்செயலாகத்தான் அறிந்துகொண்டேன். எனவே முன்பதிவு செய்வதற்கு முன், எந்தெந்த வீதிகள், ஒரு குழுவில் எத்தனை பேர், வழிகாட்டி அரசு உரிமம் பெற்றவரா, நகர வரலாற்றையும் சேர்த்துச் சொல்வாரா என்று கேட்டுத் தெளிவுபடுத்திக்கொள்வது நல்லது. பத்துப் பேருக்கு மேற்பட்ட குழு என்றால் நான் சேர மாட்டேன். இந்த வீதிகளின் அகலம் அதற்கு மேல் தாங்காது.

ஓவியத்தை மட்டும் பார்த்து, அது இருக்கும் சுவரைப் பார்க்காமல் வருவது இரண்டாவது தவறு. என் கணிப்பில் மற்றப் பிழைகள் பலவற்றுக்கும் இதுவே வேர். ஜார்ஜ் டவுனின் பழைய கடைவீடுகள் செங்கல்லால் கட்டப்பட்டு, சுண்ணாம்புக் காரையால் பூசப்பட்டவை. தரையிலிருந்து ஏறும் ஈரத்தைச் சுண்ணாம்புப் பூச்சு தன் வழியே வெளியே விட்டுவிடும். சுவர் மூச்சு விடுகிறது என்று கட்டடக்காரர்கள் சொல்வது இதைத்தான். அதன் மேல் இக்கால வண்ணம் படலமாகப் படிந்தால், ஈரம் வெளியேற வழியின்றி உள்ளேயே தேங்குகிறது. ஈரத்தோடு ஏறும் உப்பு காரையின் உள்ளே படிகமாகி, வண்ணத்தைக் கொப்புளம் போல் தள்ளி உரித்துவிடுகிறது. மிதிவண்டியின் அருகே போய்ப் பார்த்தால், வண்ணம் பெயர்ந்த இடங்களில் கீழே இருக்கும் பழைய பூச்சு தெரியும். இதையெல்லாம் பார்க்காமல், ஓவியங்கள் மங்கிவிட்டன, நகராட்சி கவனிப்பதே இல்லை என்று குறைபட்டுக்கொள்வோர் பலர். வெப்பமும் கனமழையும் மாறி மாறி வரும் தீவில், சுண்ணாம்புச் சுவரின் மேல் தீட்டிய ஓவியம் மங்குவது அதன் இயல்பு. மோட்டார் சைக்கிள் சிறுவனுக்கு அருகே அவன் கட்டி வைத்திருந்த டைனோசரின் படம் ஏறக்குறைய அழிந்துவிட்டது. அது இருந்த இடத்தை வழிகாட்டியிடம் கேட்டு, அந்தச் சுவரின் முன் சற்று நின்று பார்ப்பதும் இந்த நடையின் பகுதிதான்.

இயல்பாக மங்குவது ஒன்று, நாம் தேய்த்து அழிப்பது வேறொன்று. சுவரில் பொருத்தப்பட்ட பொருளைத் தொடலாம் என்பதால் ஓவியத்தையும் தொடலாம் என்று எண்ணிக் குழந்தைகளின் முகத்தில் கன்னம் பதித்து நிற்பதும், தம்பியின் கையைப் பிடித்துக்கொள்வதும், காலைச் சுவரில் ஊன்றி மிதிவண்டியில் தொற்றுவதும் நாள்தோறும் நடக்கின்றன. வியர்வையும் எண்ணெய்ப் பசையும் உராய்வும் சேர்ந்து வண்ணத்தை மழையைவிட விரைவாகத் தின்கின்றன. நல்ல வழிகாட்டி இதைத் தொடக்கத்திலேயே சொல்லிவிடுவார். அவர் சொல்லாவிட்டாலும் ஒரு சாண் இடைவெளி விட்டு நின்றால் படம் ஒன்றும் கெட்டுப்போகாது.

வீடுகளை ஓவியத்தின் பின்னணி என்று கருதுவதை எழுதும்போது எனக்குச் சற்றுக் கோபமே வருகிறது. கடைவீடுகளின் முன்புறம் ஐந்தடி அகலத்தில் நிழல்நடை ஒன்று ஓடும். மலாய் மொழியில் காக்கி லீமா என்பார்கள். மழையிலும் வெயிலிலும் மக்கள் நடப்பதற்காக விடப்பட்ட வழி அது என்றாலும், சீனக் குடும்பங்களின் வாசலும் அதுவே. கதவை ஒட்டித் தரையோடு தரையாக ஒரு சிறிய சிவப்புப் பெட்டி இருக்கும். உள்ளே ஊதுவத்திச் சாம்பல் நிறைந்த கிண்ணமும் இரண்டு ஆரஞ்சுப் பழங்களும் தெரியும். அது நிலத் தெய்வத்தின் பீடம். தூணில் கண்ணுயரத்தில் இருப்பது வானத் தெய்வத்துக்குரியது. ஓவியத்தை முழுமையாகப் படம் பிடிக்கப் பின்னோக்கி நகரும் பயணிகள் அந்தப் பீடத்தின் மேல் பையை வைப்பதையும், காலால் இடறுவதையும் நான் கண்டிருக்கிறேன். ஒரு மாலை, ஊதுவத்தி ஏற்ற வந்த மூதாட்டி ஒருவர், தம் வாசலை அடைத்து நின்ற கூட்டம் விலகும் வரை, புகையும் வத்திகளைக் கையில் பிடித்தபடி தெருவிலேயே காத்து நின்றார். ஒருவர் கண்ணிலும் அவர் படவில்லை. கதவு திறந்திருப்பது அழைப்பு என்று பொருள்படாது. உள்ளே இருப்பவரைப் படம் எடுக்க வேண்டுமானால், வழிகாட்டி வழியாக அனுமதி கேட்டுக்கொள்ள வேண்டும். கடலுக்குள் மரக்கால்களின் மேல் நிற்கும் சீனக் குலத்தாரின் படகுத்துறைக் குடியிருப்புகளுக்கு இது இருமடங்கு பொருந்தும். அங்கே ஒவ்வொரு பலகைப் பாதையும் யாரோ ஒருவரின் வீட்டு வாசலில்தான் முடிகிறது.

அந்த வீடுகளில் இப்போது இருப்பவர்கள் யார் என்பதைக் கேட்காமல் வருவதும் குறையே. 1948க்கு முன் கட்டப்பட்ட கட்டடங்களின் வாடகையைக் கட்டுக்குள் வைத்திருந்த மலேசியச் சட்டம் 2000ஆம் ஆண்டுத் தொடக்கத்தோடு விலக்கப்பட்டது. தலைமுறை தலைமுறையாகக் குறைந்த வாடகையில் வாழ்ந்தும் தொழில் செய்தும் வந்த தச்சர்களும் தையற்காரர்களும் சிறு வணிகர்களும் ஏற்றப்பட்ட வாடகையைத் தாங்க முடியாமல் வெளியேறினார்கள். 2008இல் ஜார்ஜ் டவுனும் மலாக்காவும் சேர்ந்து யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னப் பட்டியலில் இடம்பெற்றன. அதற்கு நான்கு ஆண்டுகள் கழித்துத்தான் இந்தச் சுவரோவியங்கள் வந்தன; அவற்றைப் பார்க்க வந்த கூட்டத்தை நம்பித் தங்கும் விடுதிகளும் காப்பிக் கடைகளும் நினைவுப்பொருள் கடைகளும் பெருகின. ஓவியங்களில் இருப்பவர்கள் சாதாரணத் தெருக் குழந்தைகளும் ரிக்‌ஷாக்காரரும். அத்தகைய குடும்பங்கள் பல இன்று அந்தத் தெருக்களில் இல்லை. இதை அறிந்துகொண்டு மிதிவண்டிக் குழந்தைகளைப் பார்த்தபோது, அந்தச் சிரிப்பை என்னால் முன்போல் எளிதாகக் கடந்து போக முடியவில்லை. முன்பு இந்த வீட்டில் யார் இருந்தார்கள் என்று ஒவ்வொரு சுவரின் முன்னும் வழிகாட்டியிடம் கேளுங்கள். அவர் அவ்வூரிலேயே வளர்ந்தவராக இருந்தால், பெரும்பாலும் அதற்குப் பின்தான் அவர் மனம் விட்டுப் பேசத் தொடங்குவார்.

எல்லா ஓவியங்களையும் ஒருவரே வரைந்தார் என்று எண்ணுவதும் வழக்கமாகிவிட்டது. சூலியா வீதியின் கடலோரப் பகுதியில் உண்மையான ஊஞ்சலில் ஆடும் அண்ணன் தங்கை ஓவியம் லூயிஸ் கான் வரைந்தது. ஸ்டுவர்ட் சந்தில் பெரிய சுவரொன்றை நிறைத்து நிற்கும் இந்தியப் படகோட்டி, ரஷ்ய ஓவியர் யூலியா வோல்ச்கோவாவின் ஆக்கம். இவை தவிர, சுவர்களில் கறுப்பு இரும்புக் கம்பியை வளைத்துச் செய்த கேலிச்சித்திரங்கள் 52 இருக்கின்றன. மாநில அரசு நடத்திய போட்டியில் வென்ற திட்டத்தின்படி உள்ளூர் நிறுவனம் ஒன்று செய்து வைத்தவை அவை; ஒவ்வொன்றும் அது நிற்கும் தெருவின் கதையைச் சொல்கிறது. ஓவியம் இல்லையே என்று இவற்றைத் தாண்டிப் போகிறவர்கள் பாதி நடையை இழக்கிறார்கள். காலைச் சாய்வெயிலில் கம்பியின் நிழல் சுவரில் விழும்போது, ஒரே உருவம் இரண்டாகத் தெரிகிற அழகை நண்பகலில் போகிறவர்கள் காண முடியாது. அதேவேளை, இவை சொல்லும் கதை அனைத்தையும் வரலாறாக எடுத்துக்கொள்ளவும் கூடாது. லவ் லேன் சந்தில், மனைவிக்குத் தெரியாமல் சன்னல் வழியே நழுவும் கணவனின் உருவம் இருக்கிறது. அத்தெருவின் பெயர்க்காரணமாகச் சொல்லப்படும் பல கதைகளுள் அது ஒன்று மட்டுமே.

நேரத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். காலை எட்டு மணிக்குத் தொடங்கும் நடையே நல்லது. பத்து மணிக்கு மேல் வெயிலும் கூட்டமும் ஒருசேர ஏறிவிடும். செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் குடை கட்டாயம். நிழல்நடையை மோட்டார் சைக்கிள்கள் அடைத்திருக்கும் இடங்களில் தெருவில் இறங்கித்தான் நடக்க வேண்டும். ஓரத்தில் திறந்த சாக்கடை இருக்கும் என்பதால், கைப்பேசித் திரையைப் பார்த்தபடி பின்னோக்கி அடி எடுத்து வைப்பது ஆபத்து.

தமிழர்கள் செய்யும் தவறு ஒன்றும் இருக்கிறது. ஓவியங்களைப் பார்த்து முடித்து, சாப்பிட மட்டும் லிட்டில் இந்தியாவுக்குப் போய்த் திரும்பிவிடுகிறார்கள். சூலியா வீதி என்ற பெயரே, இங்கு வந்து வணிகம் செய்த தமிழ் முஸ்லிம்களைக் குறிப்பது. அவர்களின் தலைவராக இருந்த காதிர் முகைதீன் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நிறுவிய கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல், மிதிவண்டிச் சுவரிலிருந்து சில நிமிட நடைத் தொலைவில் இருக்கிறது. அங்கிருந்து சற்றுத் தள்ளி, குயீன் வீதியில் 1833இல் எழுந்த மகாமாரியம்மன் கோயில் இருக்கிறது. நாகூர் ஆண்டவரின் பெயரால் எழுந்த தர்காவைச் சூலியா வீதியிலேயே காணலாம். நாசி கண்டார் என்று இன்று எல்லோரும் உண்ணும் சோற்றின் பெயரில் உள்ள கண்டார் என்பது, தமிழ் முஸ்லிம் வணிகர்கள் சோற்றையும் குழம்பையும் இரு முனைகளில் தொங்கவிட்டுத் தோளில் சுமந்த காவடித் தடியைக் குறிக்கிறது. இவற்றையும் சேர்த்துச் செல்லும் நடை வேண்டும் என்று முன்கூட்டியே கேட்டால், தமிழ் பேசும் வழிகாட்டி கிடைக்கவும் வாய்ப்புண்டு. பள்ளிவாசலுக்குள் போவதாக இருந்தால் தோளும் முழங்காலும் மறையும் உடை தேவை. வெள்ளிக்கிழமை நண்பகலைத் தவிர்த்துவிட வேண்டும்.

திரும்பி வந்து படங்களைப் பகிரும்போது, ஓவியரின் பெயரையும் தெருவின் பெயரையும் சேர்த்து எழுதுங்கள். நினைவுப்பொருள் கடைகளில் காந்த வில்லைகளிலும் பனியன்களிலும் இந்த ஓவியங்களை அச்சிட்டு விற்கிறார்கள். அவற்றுள் ஓவியரின் ஒப்புதலோடு அச்சிடப்பட்டவை எவை என்று கடைக்காரரிடம் கேட்டு வாங்குங்கள். தெளிவான பதில் வராவிட்டால், பழைய பேருந்துப் பணிமனையொன்றைக் கலைக்கூடமாக மாற்றியிருக்கும் ஹின் பஸ் டிப்போவுக்குப் போகலாம். ஸகாரேவிச் 2014இல் தம் தனிக் கண்காட்சியை நடத்தியது அங்கேதான். அதன் வெளிச் சுவர்களிலும் ஓவியங்கள் உண்டு. அவற்றின் முன் வரிசை நிற்பதில்லை.