நுண்பாசியிலிருந்து எரிபொருள் தயாரிக்கும் முறை

நுண்பாசியை வளர்ப்பதைவிட அதை நீரிலிருந்து பிரித்தெடுப்பதே பெரும்பாடு. திறந்த குளத்தில் நன்கு வளர்ந்த பாசிநீரில்கூட லிட்டருக்கு ஏறத்தாழ அரை கிராம் உலர்பாசிதான் இருக்கும் என்பதால், ஒரு கிலோ பாசிக்கு 2,000 லிட்டர் நீரைக் கையாள வேண்டும். அதில் கொழுப்பு 20 சதவீதம் என்றால் கிடைப்பது 200 கிராம் எண்ணெய். ஆகவே எந்த எரிபொருள் தேவை, எப்படி அறுவடை செய்யப்போகிறோம் என்பவற்றை முதலில் முடிவு செய்துவிட்டே இனத்தைத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

நன்னீருக்குக் குளோரெல்லாவும் செனெடெஸ்மஸும், கடல்நீருக்கு நானோகுளோராப்சிஸும் ஏற்றவை. தூய வளர்ப்பைக் குடுவையிலிருந்து தொட்டிக்கும் தொட்டியிலிருந்து குளத்துக்கும் படிப்படியாகப் பெருக்க வேண்டும். ஒரேயடியாகக் குளத்தில் ஊற்றினால் வேண்டாத பாசிகள் முந்திக்கொள்ளும். ஒளி ஆழமாகச் செல்லாது என்பதால் குளத்தின் ஆழம் 20 முதல் 30 செ.மீ. போதும், துடுப்புச் சக்கரம் நீரைச் சுழற்றிக்கொண்டே இருக்க வேண்டும். ஒரு கிலோ பாசி வளர ஏறத்தாழ 1.8 கிலோ கார்பன் டை ஆக்சைடு தேவை. பாசி அதை உறிஞ்ச உறிஞ்ச நீரின் காரத்தன்மை ஏறும். அந்த ஏற்றத்தைக் கொண்டே வாயுவை எப்போது செலுத்துவது என்று தீர்மானிக்கலாம்.

நாள்தோறும் ஒரு துளியை நுண்ணோக்கியில் பார்ப்பது கட்டாயம். தலைப்பகுதியில் மயிரிழைகள் சுழல, கண்ணாடிபோன்ற உடலுக்குள் பச்சைக் குடல் தெரியும் உயிரிகள் ரோட்டிஃபர்கள். அவை பெருகினால் சில நாள்களில் குளமே வெளிறிவிடும். அந்நிலையில் காத்திருக்காமல் இருப்பதை உடனே அறுவடை செய்துவிடுவது நல்லது.

நைட்ரஜன் ஊட்டத்தை நிறுத்தினால் செல்களில் கொழுப்பு கூடும் என்பது உண்மையே, ஆனால் வளர்ச்சி நின்றுவிடும். 1978 முதல் 1996 வரை அமெரிக்க எரிசக்தித் துறை நடத்திய ஆய்வுத்திட்டம், இதனால் மொத்த எண்ணெய் விளைச்சல் உயர்வதில்லை என்றே கண்டது. எனவே முதலில் பாசியின் அளவைப் பெருக்குவதில் கவனம் செலுத்துங்கள்.

அறுவடையில், வேகமாகச் சுழற்றிப் பாசியைப் பிரிக்கும் மையவிலக்கு இயந்திரத்துக்கு நேரடியாகப் போனால் மின்செலவு கட்டுப்படியாகாது. கைட்டோசான் போன்ற திரட்டியைச் சேர்த்துப் பாசியைப் படியவைத்து, தெளிந்த நீரை வடித்த பிறகே மையவிலக்கைப் பயன்படுத்த வேண்டும். படிகாரமும் வேலை செய்யும் என்றாலும் அலுமினியம் பாசியிலேயே தங்கிவிடும்.

பயோடீசலுக்குப் பாசியை உலர்த்தி, ஹெக்சேன் என்ற கரைப்பானால் எண்ணெயைப் பிரித்து, ஒரு மூலக்கூறு எண்ணெய்க்கு ஆறு மூலக்கூறு மெத்தனால் என்ற விகிதத்தில், எண்ணெயின் எடையில் ஒரு சதவீத அளவு பொட்டாசியம் ஹைட்ராக்சைடு வினையூக்கியுடன் 60 டிகிரி செல்சியஸில் ஒரு மணி நேரம் கலக்க வேண்டும். ஈரமோ கட்டற்ற கொழுப்பு அமிலமோ மிகுந்திருந்தால் சோப்புதான் உருவாகும். அமிலம் மிகுந்த எண்ணெயை முதலில் கந்தக அமில வினையூக்கியுடன் மெத்தனாலில் வினைப்படுத்த வேண்டும். ஹெக்சேன் எளிதில் தீப்பற்றும், மெத்தனால் நஞ்சு. இரண்டையும் காற்றோட்டமுள்ள இடத்தில், மூடிய கலன்களில் மட்டுமே கையாள வேண்டும்.

உலர்த்தும் செலவு மலைப்பாகத் தோன்றினால், ஈரப்பாசிக் கூழையே உயரழுத்தத்தில் 300 முதல் 350 டிகிரிக்குச் சூடாக்கிக் கச்சா எண்ணெயாக்கலாம். இதில் புரதமும் மாவுச்சத்தும்கூட எண்ணெயாக மாறுவதால் இம்முறையே எனக்கு அறிவுடைமையாகப் படுகிறது. ஆனால் எண்ணெயில் நைட்ரஜன் மிகுவதால் ஹைட்ரஜன் செலுத்திச் சுத்திகரிக்க வேண்டும், அதற்கும் அழுத்தக்கலனுக்கும் தொழிற்சாலை வசதி தேவை. எஞ்சும் நீரில் ஊட்டச்சத்து உண்டு. பாசியை முடக்கும் ஃபீனால்களும் அதில் இருப்பதால், மிகவும் நீர்க்கச்செய்து, சிறு தொட்டியில் சோதித்த பிறகே குளத்தில் விட வேண்டும்.