படத்தில் இல்லாத நீலம்: புதுச்சேரிச் சுவரை வைத்து ஓர் அருவக் குறும்படம்

கதையோ ஆளோ இல்லாமல், வடிவத்தையும் அசைவையும் மட்டும் நம்பி 1920-களிலேயே ஜெர்மனியில் அருவப் படம் எடுத்தார்கள். நமக்கு ஒரு போனும் புதுச்சேரியின் பழைய பிரெஞ்சுப் பகுதியான ஒயிட் டவுனின் மஞ்சள் சுவரும் போதும். எடுக்கப்போகும் படத்தில் நீலம் எங்கேயும் இருக்காது. ஆனாலும் பார்ப்பவர் கண்ணுக்கு நீலம் தெரியும்.

முதலில் கேமரா இல்லாமல் சோதித்துப் பாருங்கள். ரோமன் ரோலண்ட் வீதிப் பக்கம் அடர்மஞ்சள் சுவர் ஒன்றின் முன் நின்று, அதிலுள்ள ஒரு சின்னக் கறையை அரை நிமிடம் கண்ணை நகர்த்தாமல் பாருங்கள். உடனே ஒரு வெள்ளைச் சுவரைப் பாருங்கள். மங்கலான நீலம் மிதக்கும். இதுதான் பின்பிம்பம். விழித்திரையில் நிறம் உணரும் கூம்பு செல்கள் மூன்று வகை. மஞ்சள் அவற்றில் இரண்டைத்தான் அதிகம் தூண்டுகிறது. அந்த இரண்டும் சலித்துப்போன நேரத்தில் வெள்ளையைப் பார்த்தால், நீலத்துக்கான மூன்றாவது வகையின் கை ஓங்கிவிடுகிறது.

சரி, இப்போது படப்பிடிப்பு. நிழல் விழாமல் ஒரே சீராக வெளிச்சம் உள்ள சுவராகப் பாருங்கள். வெள்ளை பூசிய ஜன்னல் விளிம்பும் ஃபிரேமுக்குள் வரட்டும். வடிவம் இருந்தால் பின்பிம்பம் பளிச்சென்று தெரியும். போனை ஸ்டாண்டில் வைத்து, திரையை அழுத்திப் பிடித்து ஃபோகஸையும் எக்ஸ்போஷரையும் (வெளிச்ச அளவு) லாக் செய்யுங்கள். கேமராவை நாமே அமைக்கும் ப்ரோ மோட் இருந்தால், நிறச் சாயலைச் சரிசெய்யும் ஒயிட் பேலன்ஸையும் லாக் செய்துவிடுங்கள். ஆட்டோவில் விட்டால் போன் அந்த மஞ்சளை வெளுக்கப் பார்க்கும். அரை நிமிடம் எடுங்கள். அப்புறம் சுவர் மேல் படர்ந்த காகிதப்பூவை நெருங்கி, ஃபிரேம் முழுக்க நிரப்பி இன்னொரு அரை நிமிடம். அந்த ரோஸ் நிறம் பச்சையாகத் திரும்பி வரும்.

எடிட்டிங்கில் மஞ்சள் 25 விநாடி, பின்பிம்பம் தெரிவதற்காக வெறும் வெளிர் சாம்பல் திரை 8 விநாடி. பூ 25 விநாடி, மறுபடி சாம்பல் 8 விநாடி. எல்லா ஷாட்டிலும் நடுவில் ஒரு சின்னக் கறுப்புப் புள்ளி கட்டாயம். கண் அலைந்தால் பின்பிம்பம் கலைந்துபோகும். ஒரு ஷாட்டிலிருந்து அடுத்ததற்கு நேர் கட் மட்டும். டிசால்வ் போட்டால், அதாவது ஒன்று மெல்ல மறைந்து அடுத்தது தோன்றினால், அந்த இடைவெளியில் கண் தேறிவிடும். இசை வேண்டாம் என்பேன், கவனம் முழுக்கப் புள்ளியிலேயே நிற்கட்டும். வேகமாக மின்னும் காட்சி எதுவும் சேர்க்காதீர்கள். விநாடிக்கு மூன்று முறைக்கு மேல் மின்னினால் ஒளியால் வலிப்பு வரக்கூடியவர்களுக்கு ஆபத்து.

இருட்டறையில், பெரிய திரையில், பார்ப்பவரைத் திரைக்குப் பக்கத்தில் உட்கார வைத்துக் காட்டுங்கள். நீலத்தைப் பற்றி முன்கூட்டிச் சொல்லாமல், என்ன தெரிந்தது என்று அப்புறம் கேளுங்கள். வாட்ஸ்அப்பில் அனுப்புவதானால் வீடியோவாக வேண்டாம், டாக்குமெண்டாக அனுப்புங்கள்; தரம் குறையாமல் போய்ச் சேரும்.